கணியர் குழாத்துக்கு ஒரு வாழ்த்துப்பாடல்: என் வரைவு ஏன் பொய்யாக ஒலிக்கிறது?

கரித்தூள் கேட்டது:

வணக்கம். திருப்பூர்ப் பக்கம் ஒரு சாயப்பட்டறையில் பாய்லர் பார்த்துக்கொள்கிறேன். பெரும்பாலும் இரவு ஷிப்ட். மணிக்கொரு தடவை ஆவி அழுத்தம், நீர் மட்டம், புகைபோக்கிச் சூடு மூன்றையும் பார்த்து லாக் ஷீட்டில் எழுத வேண்டும். விறகு தள்ளுவதும் சாம்பல் வாருவதும் போக மிச்ச நேரத்தில் போனில் ஒரு தொடர்கதை எழுதி வருகிறேன். பதினான்கு அத்தியாயம் ஆகிவிட்டது. வாசகர்கள் என் தங்கையையும் சேர்த்துப் பதினொரு பேர்.

கதை நடப்பது கற்பனை நாட்டில். அங்கே ‘நாழிகைக் கணியர் குழாம்’ என்று ஒரு கூட்டம். அவர்கள் வரைவது காலத்தின் வரைபடம். பெரிய மாட்டுத்தோல் ஒன்று. அதில் மலை இல்லை, ஆறு இல்லை, கோடுகள்தான். எந்தெந்த ஊரில் ஒரே விண்மீன் ஒரே கணத்தில் உச்சியைக் கடக்கிறதோ அந்த ஊர்களையெல்லாம் ஒரு கோட்டால் இணைத்திருப்பார்கள். ஒரு கோட்டுக்கும் அடுத்த கோட்டுக்கும் ஒரு நாழிகை தூரம். கணக்குப் போட்டுப் பார்த்துவிட்டேன்: வட்டத்துக்கு 360 பாகை, நாளுக்கு 60 நாழிகை, ஆக நாழிகைக்கு 6 பாகை.

ஒவ்வொரு ஊரும் கிழக்கு மேற்காக எவ்வளவு தள்ளி இருக்கிறது என்று எப்படிக் கண்டுபிடிப்பார்கள்? சந்திர கிரகணத்தை வைத்து. நிழல் நிலாவைத் தொடும் கணம் எல்லா ஊருக்கும் ஒன்றுதான், ஆனால் அந்தக் கணத்தில் ஒவ்வொரு ஊர்க் கணக்கும் வேறு நாழிகை காட்டும். ஏடுகள் ஓட்டக்காரர்கள் கையில் தலைமைக் கூடத்துக்கு வந்து சேரும். வித்தியாசத்தைப் பார்த்துக் கோட்டை நகர்த்துவார்கள். ஒரு கோடு நகர்ந்ததற்காக ஒன்பதாம் அத்தியாயத்தில் ஒரு கொலைகூட விழுந்திருக்கிறது.

இப்போது பதினைந்தாம் அத்தியாயம். ஒரு சின்னப் பெண் குழாத்தில் சேர்ந்து உறுதிமொழி எடுக்கிறாள். நீர்க்கடிகாரத்தைச் சுற்றி எல்லாரும் நின்று குழாத்தின் பாட்டைப் பாட வேண்டும். நான் எழுதியது:

விண்ணை அளக்கும் வீரர் நாங்கள்
விடியல் காக்கும் தீரர் நாங்கள்
அசையா வடமீன் எங்கள் சாட்சி
அழியாக் காலம் எங்கள் ஆட்சி
கோள்கள் போற்றும் கணியர் நாங்கள்
கோடி யுகத்தின் துணைவர் நாங்கள்
வாழ்க எங்கள் நாழிகைக் குழாம்
வளர்க அதன்புகழ் எந்நாளும்

தங்கை படித்துவிட்டு, “காலேஜ் ஆண்டு விழா மாதிரி இருக்கு” என்றாள். எனக்கும் ஏதோ இடிக்கிறது, எங்கே என்றுதான் பிடிபடவில்லை. பழைய சொற்கள் போதவில்லையா, பா வகையை மாற்ற வேண்டுமா? நிஜத்தில் இப்படி நேரம் பார்த்தவர்கள் ஏதாவது பாடியிருக்கிறார்களா? தெரிந்தவர்கள் சொல்லுங்கள்.

---

சீர்தளை:

தங்கை சொன்னது சரி தம்பி. ‘வீரர் நாங்கள், தீரர் நாங்கள்’ என்றதும் பள்ளி விளையாட்டு விழாவில் டிரம் சத்தத்துக்குக் கால் மாற்றி நடக்கும் பிள்ளைகள்தான் கண்ணில் வந்தார்கள். முப்பத்திரண்டு வருடம் தமிழ் வாத்தியாராக இருந்தவன். இந்த மாதிரிப் பாட்டு நானே ஏழெட்டு எழுதிக் கொடுத்திருக்கிறேன், அதனால் வாசனை உடனே தெரியும். எட்டு வரியில் ‘நாங்கள்’ நான்கு, ‘எங்கள்’ மூன்று. வானம் எங்கே இருக்கிறது?

பா வகையில் ஒரு குறையும் இல்லை. பழைய சொல்லைக் கொண்டுவந்து கொட்டினாலும் இது சரியாகாது.

நிஜத்தில் உண்டா என்று கேட்டீர்கள். முல்லைப்பாட்டை எடுத்துப் பாருங்கள். அரசன் பாசறையில் இருக்கிறான், இரவு. ‘பொழுதளந் தறியும் பொய்யா மாக்கள்’ என்று சிலர் வருகிறார்கள். கைகூப்பி வாழ்த்துகிறார்கள். அடுத்த மூச்சில் சொல்வது என்ன தெரியுமா? உன் ‘குறுநீர்க் கன்னல்’, அதாவது நீர்க்கடிகாரம், இத்தனை நாழிகை காட்டுகிறது என்று. வாழ்த்து ஒரு வரி, அதைத் தொடர்ந்து கணக்கு. தங்களைப் பற்றி அவர்கள் ஒரு சொல் பேசவில்லை. ‘பொய்யா மாக்கள்’ என்பதும் புலவர் கொடுத்த பெயர், அவர்களே சூட்டிக்கொண்டது இல்லை.

உங்கள் குழாத்துக்கு முன்னோர் இவர்கள்தான். இவர்கள் ‘அழியாக் காலம் எங்கள் ஆட்சி’ என்று பாடுவார்களா, சொல்லுங்கள்.

---

மொட்டைமாடி:

கதைக் கரு பிரமாதம், கிரகணத்தை வைத்துக் கோடு போடுவது அசல் வானியல். நேர வரைபடமும் முழுக் கற்பனை ஒன்றும் இல்லை. நம்மூரிலேயே 1906 ஜனவரி 1 வரை பொது நேரம் கிடையாது. சென்னை நேரம் கிரீன்விச்சை விட 5 மணி 21 நிமிடம் முந்தி, பம்பாய் நேரம் 4 மணி 51 நிமிடம் முந்தி. இரண்டுக்கும் நடுவே அரை மணி, உங்கள் குழாத்துக் கணக்கில் ஒன்றேகால் நாழிகை. ரயில்கள் சென்னை நேரத்தில் ஓடின. ஊருக்கு ஒரு நேரம் வைத்துக்கொண்டு டைம்டேபிள் போட்டவன் பாடு எப்படி இருந்திருக்கும்!

சரி, பாட்டுக்கு வருகிறேன். மூன்றாம் வரியில் ஆளே மாட்டிக்கொள்கிறார். ‘அசையா வடமீன் எங்கள் சாட்சி.’ நேரம் பார்க்கிறவனுக்கு அசையாத மீனால் என்ன பிரயோஜனம்? சுவரில் அடித்த ஆணியைப் பார்த்து மணி சொல்ல முடியுமா? முள் நகர்ந்தால்தான் மணி. வடமீன் ஆணி, அதைச் சுற்றுகிற மற்ற மீன்கள் முள். போதாததற்கு வடமீனும் அசையாமல் நிற்கவில்லை. துருவப் புள்ளியிலிருந்து அரைப் பாகைக்குச் சற்று அதிகமாகத் தள்ளி நின்று அதுவும் ஒரு குட்டி வட்டம் போடுகிறது. பூமியின் அச்சு 26,000 வருடத்துக்கு ஒரு சுற்றுச் சாய்ந்து வருவதால் இன்னும் சில ஆயிரம் வருடத்தில் அந்தப் பதவியும் வேறு மீனுக்குப் போய்விடும். திருப்பூரிலிருந்து பார்த்தால் அடிவானத்துக்கு மேலே பதினோரு பாகைதான். உங்கள் பட்டறைப் புகைபோக்கியே மறைத்துவிடும்.

நேரத்தோடு வாழ்கிறவர்கள் பாட வேண்டிய விஷயம் வேறு. ஒவ்வொரு மீனும் நேற்றை விட இன்று ஏறக்குறைய 4 நிமிடம் முந்தி உதிக்கும். ஆறு நாளில் 24 நிமிடம், அதாவது சரியாக ஒரு நாழிகை. மார்கழியில் நடுராத்திரி தலைக்கு மேல் நிற்கிற திருவாதிரை, பங்குனி பிறக்கும்போது பொழுது சாயும் நேரத்துக்கே உச்சிக்கு வந்துவிடுவது இதனால்தான். தொண்ணூறு நாள், பதினைந்து நாழிகை. இந்த ஒரு வரி உங்கள் பாட்டில் இருந்தால் நான் நம்புவேன்.

---

துலாக்கோல்:

கவிதை எனக்குத் தெரியாது, எங்கள் அய்யன் ஏற்றம் இறைத்தவர். ஏற்றப்பாட்டு கேட்டிருக்கிறீர்களா? ஒரு சாலுக்கு ஓர் அடி. பாட்டுக்குள்ளேயே எண்ணிக்கை வரும், எத்தனை சால் இறைத்தோம் என்று தனியாகக் கணக்கு வைக்க வேண்டியது இல்லை. பாட்டு முடிந்தால் பாத்தி நனைந்திருக்கும். மேலே மிதிப்பவர் மனசு எங்கேயாவது போனாலும் பாட்டு அவரை இழுத்துக்கொண்டு வந்துவிடும் என்பார். ‘ஏற்றப்பாட்டுக்கு எதிர்ப்பாட்டு இல்லை’ என்று சும்மாவா சொன்னார்கள்.

உங்கள் ஆட்கள் ராத்திரி முழுக்க உட்கார்ந்து எண்ணுகிறவர்கள். எண்ணுகிறவன் பாட்டு வேறு, மேடையில் பாடுகிறவன் பாட்டு வேறு. நீங்கள் இரண்டாவதை எழுதியிருக்கிறீர்கள்.

---

சோழிப்பேத்தி:

துலாக்கோல் சொன்னதைப் படித்ததும் எழுதாமல் இருக்க முடியவில்லை. கொஞ்சம் நீளும், பொறுத்துக்கொள்ளுங்கள்.

எங்கள் தாத்தா மாயவரம் பக்கத்தில் பஞ்சாங்கக் கணக்குப் போட்டவர். திண்ணையில் உட்கார்ந்து சோழிகளைத் தள்ளித் தள்ளி வைத்தபடி எதையோ முணுமுணுத்துக்கொண்டே இருப்பார். ஏதோ ஸ்தோத்திரம் என்றுதான் நாங்கள் நினைத்திருந்தோம். எனக்கு ஏழெட்டு வயது இருக்கும்போது, “எந்த சாமிக்குத் தாத்தா?” என்று கேட்டேன். “சாமிக்கு இல்லடி, சந்திரன் நாளைக்கு எங்க இருப்பான்னு பார்க்கறேன்” என்றார்.

அவர் முணுமுணுத்தது வாக்கியங்கள். வாக்கியப் பஞ்சாங்கம், திருக்கணிதம் என்று நாம் சண்டை போடுகிறோமே, அந்த வாக்கியம் என்ற பெயர் இதிலிருந்து வந்ததுதான். சந்திரனுக்கு 248 வாக்கியம், வரருசி செய்தவை என்பார்கள். சந்திரன் வேகமாகவும் மெதுவாகவும் மாறி மாறி ஓடுகிறது. அந்தச் சுற்று 27 நாளும் ஒரு நாளில் பாதிக்குச் சற்று மேலும். அதை ஒன்பதால் பெருக்கினால் கிட்டத்தட்ட முழுசாக 248 நாள் வந்துவிடும். நாளுக்கு ஒரு வாக்கியம், 248 முடிந்ததும் மறுபடி முதலிலிருந்து.

முதல் வாக்கியம் ‘கீர்ந: ஸ்ரேய:’. கேட்டால் ஏதோ நல்ல வார்த்தை மாதிரி இருக்கும், உண்மையில் அது எண். எழுத்துக்கு எண் கொடுக்கும் கடபயாதி முறைப்படி இதில் வரும் ‘க’ 3, ‘ந’ 0, ‘ர’ 2, ‘ய’ 1. பின்னாலிருந்து படித்தால் 1203. அதாவது 12 பாகை 3 கலை (பாகையில் அறுபதில் ஒரு பங்கு கலை). சந்திரன் மிக மெதுவாகப் போகும் இடத்திலிருந்து முதல் நாளில் நகரும் தூரம் அது. கர்நாடக சங்கீதம் தெரிந்தவர்களுக்கு இது புதிதில்லை. தீரசங்கராபரணம் 29ஆவது மேளம் (தீ 9, ர 2), மேசகல்யாணி 65 (மே 5, ச 6). ராகத்தின் பெயரிலேயே நம்பர் ஒளிந்திருக்கிறது.

இதைவிட ஒரு கதை. வாரன் என்று ஒரு ராணுவ அதிகாரி, சென்னை வானாய்வகத்தில் வேலை பார்த்தவர். 1825இல் ‘கால சங்கலித’ என்ற புத்தகத்தைச் சென்னையில் வெளியிட்டார். அவர் புதுச்சேரியில் ஒரு தமிழ்ப் பஞ்சாங்கக்காரரைப் பார்க்கிறார். அந்த மனிதர் தரையில் சோழி பரப்பி, மனப்பாடமாக வைத்திருந்த சொற்களை வைத்தே அந்த வருடத்துச் சந்திர கிரகணத்தைக் கணக்குப் போட்டுக் காட்டினார். மே 31, ஜூன் 1 இரவுக் கிரகணம். ஏடு இல்லை, எழுதுகோல் இல்லை. பிசகு எவ்வளவு? தொடக்கத்துக்கு 4 நிமிடம், நடுவுக்கு 23, முடிவுக்கு 52. பிற்பாடு வானியல் வரலாறு எழுதிய நாய்கபௌவர் இதை எடுத்துப் பேசினார். ஆயிரம் வருடத்துக்கும் பழைய கணக்கு முறை ஒன்று ஒருவர் வாயில் உயிரோடு இருந்ததே என்ற வியப்பு அவருக்கு. அந்தப் பஞ்சாங்கக்காரருக்கு வானியல் சித்தாந்தம் எதுவும் தெரியாது என்று வாரன் கொஞ்சம் இளக்காரமாகத்தான் எழுதுகிறார். இருக்கட்டுமே, கிரகணம் அவர் சொன்ன இரவில் வந்ததே.

இதையெல்லாம் ஏன் சொல்கிறேன் என்றால், உங்கள் குழாத்துக்குத் தனியாக ஒரு வாழ்த்துப்பாட்டு இருக்கவே முடியாது என்று எனக்குத் தோன்றுகிறது. அவர்களுடைய அட்டவணைதான் அவர்கள் பாட்டு. வெளியாள் கேட்டால் சாதாரணப் பாட்டு, உள்ளே இருக்கிறவருக்கு எண். அந்தப் பெண் சின்ன வயதிலிருந்து தூரத்தில் நின்று கேட்ட பாட்டாக இருக்கட்டும். உறுதிமொழி எடுக்கும் இரவில்தான் அதன் எண்கள் என்ன என்று அவளுக்குச் சொல்கிறார்கள். உங்கள் சடங்கு அங்கே இருக்கிறது.

---

கரித்தூள்:

ராத்திரி ரெண்டேமுக்காலுக்கு இதைப் படித்துவிட்டு ஃபர்னஸ் கதவைத் திறந்து போட்டபடியே நின்றுவிட்டேன். அழுத்தம் அரைக் கிலோ இறங்கிவிட்டது. சூப்பர்வைசர் பார்க்கவில்லை.

அம்மா, அந்தப் பெண் தூரத்தில் நின்று கேட்ட பாட்டு என்பதை எடுத்துக்கொள்கிறேன். ஆனால் ஒரு சிக்கல். கடபயாதியில் நாலு விதமான ‘க’ வேண்டும். தமிழில் எழுதினால் எல்லாம் ஒரே க. என் கதையில் எல்லாரும் தமிழில்தான் பேசுகிறார்கள். என்ன செய்வது?

---

சீர்தளை:

இதற்கா யோசிக்கிறீர்கள்? ஔவையார் பெயரில் வழங்கும் ‘எட்டேகால் லட்சணமே’ மறந்துபோச்சா? எட்டு என்றால் ‘அ’, கால் என்றால் ‘வ’. சேர்த்தால் அவலட்சணம். திட்டு வாங்கியவர் கணக்குப் போட்டுப் புரிந்துகொள்ள வேண்டியிருந்தது!

பழைய தமிழ் எண்களே எழுத்து வடிவம்தான். க 1, உ 2, ச 4, எ 7, அ 8, ய 10. மூன்று ங மாதிரி, ஐந்து ரு மாதிரி, ஆறு சு மாதிரி, ஒன்பது கூ மாதிரி. ங, ரு இரண்டிலும் சொல் தொடங்காது, அந்த எண்கள் வராமல் பார்த்துக்கொள்ளுங்கள். ஒவ்வோர் அடியின் முதல் எழுத்து ஓர் எண். வேறு நாட்டுச் சரக்கு எதற்கு?

இன்னொன்றும் ஞாபகம் வருகிறது. பாட்டே கருவியாக இருக்கும் வெண்பா மாதிரி ஒரு பழம்பாட்டு உண்டு, நாட்டுப்புறத்தில் வாய்மொழியாக வருவது. விஷயம் இதுதான்: பதினாறு விரற்கடை நீளத்துக்கு ஒரு துரும்பு நறுக்கு. அதை ‘ட’ மாதிரி மடக்கி வெயிலில் வை. நிற்கிற பகுதியின் நிழல், படுத்திருக்கிற பகுதியின் நுனியைச் சரியாகத் தொடும்படி மடிப்பை நகர்த்து. நிற்கிறது எத்தனை விரற்கடையோ, பொழுது விடிந்து அத்தனை நாழிகை. பிற்பகல் என்றால் பொழுது சாய இன்னும் அத்தனை நாழிகை. என் பாட்டி களத்துமேட்டில் செய்து பார்த்திருக்கிறாள். பாட்டைத் தொலைத்தால் கடிகாரமும் தொலைந்தது.

---

கரித்தூள்:

அய்யா, செய்து பார்த்தேன். ஞாயிற்றுக்கிழமை வார லீவு. விளக்குமாற்றிலிருந்து ஓர் ஈர்க்கை உருவி, விரலால் பதினாறு அளந்து நறுக்கி, மாடியில் தண்ணித் தொட்டி ஓரம் வைத்தேன். அன்று சூரிய உதயம் 6.32 என்று போன் சொன்னது. ஏழரை நாழிகை, அதாவது மூன்று மணி நேரம் கழித்து, 9.32க்குப் போய் மடக்க ஆரம்பித்தேன். நிழலும் துரும்பும் சமமாக வந்தபோது நின்றது எட்டு விரலுக்கு ஒரு நூல் குறைவு. வரவேண்டியது ஏழரை. பத்து நிமிடத்துக்குள்தான் தப்பு. விளக்குமாற்றுக் குச்சிக்கு இது போதாதா! தங்கை கீழே இருந்து, “ஈர்க்கை யார் உடைத்தது?” என்று கத்திக்கொண்டிருந்தாள்.

பாட்டு பாதி வந்திருக்கிறது. இன்னும் இரண்டு ராத்திரி கொடுங்கள்.

---

துலாக்கோல்:

வாய்விட்டுப் பாடிப் பாருங்கள். பாய்லர் சத்தத்துக்கு மேலே கேட்கிறதா என்று பாருங்கள். கேட்கவில்லை என்றால் சொற்கள் வழுவழுப்பாக இருக்கின்றன என்று அர்த்தம்.

---

கரித்தூள்:

பாடிப் பார்த்துவிட்டேன். விறகு தள்ளுகிற பையன் இப்போது அதை விசில் அடிக்கிறான்.

முதலில் ஒன்றைச் சொல்லிவிடுகிறேன். சீர்தளை அய்யா எழுதிய ‘பொய்யா மாக்கள்’ என்ற சொல் ஒரு வாரமாக என்னை விடவில்லை. இரண்டு வருடம் முன்னால், வேறொரு பட்டறையில் இருந்தபோது, ஒரு ராத்திரி தூங்கிவிட்டேன். எழுந்து பார்த்தால் மணி அஞ்சு. மூன்று மணிக் கட்டமும் நாலு மணிக் கட்டமும் காலி. 8.5, 8.4 என்று நம்பும்படியாக எழுதி வைத்தேன். ஒன்றும் ஆகவில்லை, யாரும் கேட்கவும் இல்லை. ஆனால் அந்தத் தாள் எங்கேயோ ஒரு கோப்பில் இன்னும் இருக்கும், அன்று மூன்று மணிக்கு அழுத்தம் எட்டரை என்று சொல்லிக்கொண்டு. என் கணியர்களிடம் அப்படி ஒரு பொய் ஏடு போய்ச் சேர்ந்தால் ஒரு கோடு நகரும், ஓர் ஊரே ஒரு நாழிகை தள்ளிப் போய்விடும். அதனால் பாட்டில் நாலாவது அடி அந்தப் பாவத்துக்கு.

இதோ:

எழுந்த மீனை எண்ணி வை – அது
ஏறும் முன்னே கண்ணில் வை

சரிந்த மீனை விட்டு விடு – அதன்
சாய்வை மட்டும் ஏட்டில் இடு

அடுத்த ஆளைத் தட்டி எழுப்பு – நீரில்
அமிழ்ந்த வட்டிலை எடுத்துத் திருப்பு

உறங்கி விட்டால் ஒளிக்காதே – அந்த
ஓட்டையை ஏட்டில் அடைக்காதே

கூரை மேலே கதிர் தெரியும் – நம்
கூட்டுக் கணக்கு அதில் முடியும்

எ, ச, அ, உ, கூ. அதாவது 7, 4, 8, 2, 9. பொழுது சாய்ந்து ஏழாம் நாழிகையில் முதல் மீன் உச்சியைக் கடக்கும். நாலு நாழிகை கழித்து இரண்டாவது, எட்டு கழித்து மூன்றாவது, இரண்டு கழித்து நாலாவது. அப்புறம் ஒன்பது நாழிகையில் சூரியன். கூட்டினால் முப்பது.

நீரில் அமிழ்ந்த வட்டில் என்பது ஓட்டை வட்டில். தண்ணீரில் மிதக்க விட்டால் ஒரு நாழிகையில் நிறைந்து மூழ்கும், எடுத்துக் கவிழ்த்து மறுபடி மிதக்க விட வேண்டும். அந்தப் பெண்ணுக்கு முதல் வேலை அதுதான். ‘வாழ்க’ என்ற சொல்லை எங்கேயாவது சேர்க்கலாமா என்று பார்த்தேன், இடம் கிடைக்கவில்லை.

---

சோழிப்பேத்தி:

உறங்கிவிட்டால் ஒளிக்காதே. என் தொழில் கணக்குத் தணிக்கை. இந்த வரியை எழுதி மேசைக் கண்ணாடிக்கு அடியில் வைத்திருக்கிறேன்.

தாத்தா ஏட்டில் சில நாட்களுக்கு நேராக ‘மேகம்’ என்று ஒரே சொல் எழுதியிருக்கும். சின்ன வயதில் அதுவும் ஏதோ எண் என்று நினைத்து, ம 5, க 3, முப்பத்தைந்து என்று பிரித்துப் பார்த்திருக்கிறேன். எண்ணெல்லாம் இல்லை, அன்று வானம் மூடியிருந்திருக்கிறது, அவ்வளவுதான்.

---

சீர்தளை:

‘எடுத்துத் திருப்பு’ என்ற இடத்தில் நடை கொஞ்சம் நொண்டுகிறது. ஆனால் வட்டிலைத் தூக்கிக் கவிழ்க்கிறவனுக்கு அங்கே மூச்சு வாங்கும் என்று வைத்துக்கொள்கிறேன். மாற்ற வேண்டாம்.

---

மொட்டைமாடி:

நன்றாக இருக்கிறது. ஆனால் என் வாய் சும்மா இருக்காது. முப்பது நாழிகை இரவு என்றால் பகலும் இரவும் சமமாக இருக்கும் நாள். வருடத்தில் இரண்டு தடவைதான் அது வரும். மீன்களுக்கு இடையே உள்ள 4, 8, 2 எப்போதும் மாறாது, சரி. ஆனால் முதல் மீன் பொழுது சாய்ந்து சரியாக ஏழாம் நாழிகையில் உச்சிக்கு வருவது அந்த இரண்டில் ஒரே ஒரு இரவில்தான் பொருந்தும். ஆறு நாள் தள்ளிப் பாடினால் ஏழு ஆறாகிவிடும், கடைசி ஒன்பது பத்தாகிவிடும். மற்ற நாளெல்லாம் உங்கள் ஆட்கள் தப்பான பாட்டைப் பாடுகிறார்களா?

---

கரித்தூள்:

இல்லை. மற்ற நாளில் பாடவே மாட்டார்கள். உறுதிமொழி அந்த ஓர் இரவில்தான், வருடத்துக்கு ஒரு தடவை. மேகம் மூடிவிட்டால் அந்தப் பெண் அடுத்த வருடம் வரைக்கும் காத்திருக்க வேண்டியதுதான். நீங்கள் கேட்டதால்தான் இது எனக்கே தெரிந்தது. பதினைந்தாம் அத்தியாயத்தில் மேகம் வருகிறது என்று இப்போதே முடிவு செய்துவிட்டேன்.

மணி நாலு. ரீடிங் எடுத்துவிட்டு வருகிறேன்.